ஜப்பான் பாஸ்போர்ட்டை விட்டுவிட்டு இந்தியாவுக்கு ஆடிய அராடா இசுமி: வெளிநாட்டு வீரர்கள் ஏன் 30 வயதுக்கு மேல்தான் வருகிறார்கள்?

2025 அக்டோபர் 14. கோவா, மட்காவ் ஃபடோர்டா மைதானம். ஆசியக் கோப்பை தகுதிச்சுற்றில் இந்தியாவும் சிங்கப்பூரும் மோதின. 14வது நிமிடத்தில் லாலியன்சுவாலா சாங்டே கோல் அடிக்க, இந்தியா முன்னிலை பெற்றது. ஆனால் 44வது நிமிடத்தில் ஒன்று, 58வது நிமிடத்தில் ஒன்று என சிங்கப்பூர் இரண்டு கோல் திருப்பி அடித்தது. 1-2 என தோற்ற இந்தியா, 2027 ஆசியக் கோப்பைக்கு போகும் வாய்ப்பை அன்றே இழந்தது.

அந்த இரண்டு கோலையும் அடித்தவர் ஒரே ஆள்தான். பெயர் சோங் உய்-யங். அவர் சிங்கப்பூரில் பிறந்தவர் கிடையாது. தென்கொரியாவின் இஞ்சியோன் நகரில் பிறந்து, 18 வயதில் சிங்கப்பூர் கிளப்பில் ஆட வந்து, 2021ல் சிங்கப்பூர் குடியுரிமை பெற்றவர்.

இதே தகுதிச்சுற்றில் ஜூன் 10ஆம் தேதி இந்தியாவை 1-0 என வீழ்த்தியது ஹாங்காங். கடைசி நேர பெனால்டியை கோலாக்கிய ஸ்டெஃபான் பெரேரா பிரேசிலில் பிறந்தவர். மார்ச் 25ஆம் தேதி ஷில்லாங்கில் இந்தியாவுடன் 0-0 என டிரா செய்த வங்கதேச அணியின் நடுக்களத்தில் நின்றவர் ஹம்ஸா சவுத்ரி. இங்கிலாந்தில் பிறந்து, லெஸ்டர் சிட்டி கிளப்பில் வளர்ந்து, இங்கிலாந்தின் 21 வயதுக்குட்பட்டோர் அணிக்கும் ஆடியவர்.

ஆக, ஒரே பிரிவில் இருந்த மூன்று எதிரணிகளிலும் வெளிநாட்டில் பிறந்தவர்கள் ஆடினார்கள். இந்திய அணியில் அப்படி யாரும் இல்லை. 'உலகம் பூராவும் நம்ம ஆளுங்க இருக்காங்க, அவங்களை ஏன் கூப்பிடக்கூடாது?' என்ற கேள்வி சமூக வலைதளங்களில் மறுபடியும் கிளம்பியது இதனால்தான்.

கேள்வி நியாயமானது. ஆனால் பதில், 'கூப்பிட்டா வந்துடுவாங்க' என்பது போல எளிதாக இல்லை. ஏற்கெனவே ஒருவர் அப்படி வந்தார். அவருடைய ஆட்ட வாழ்க்கையைப் பார்த்தால், சிக்கல் எங்கே இருக்கிறது என்பது புரியும்.

யார் இந்த அராடா இசுமி?

1982 ஜூலை 31ஆம் தேதி, ஜப்பானின் யமகுச்சி மாகாணத்தில் உள்ள ஷிமோனோசெகியில் பிறந்தவர் அராடா இசுமி. அம்மா ஜப்பானியர். அப்பா குஜராத்தைச் சேர்ந்த இந்தியர். அப்பா வழியில் அவருக்கு நீலகண்ட் கம்போல்ஜா என்ற பெயரும் உண்டு.

ஜப்பானில் முதல்நிலை லீக்கில் இடம் பிடிப்பது சாதாரண விஷயம் இல்லை. அங்கே கீழ்மட்ட கிளப் ஒன்றில் ஆடிய இசுமி, சிங்கப்பூர் லீக்கில் இருந்த அல்பிரெக்ஸ் நிகாட்டா அணிக்கு வந்தார். அங்கிருந்து 2006ல் இந்தியா. கொல்கத்தாவின் ஈஸ்ட் பெங்கால் கிளப் அவரை எடுத்தபோது வயது 24.

அப்போது அவர் வெளிநாட்டு வீரர். ஜப்பான் பாஸ்போர்ட்டோடு, சம்பளத்துக்கு ஆட வந்த ஒரு தொழில்முறை ஆட்டக்காரர், அவ்வளவுதான். ஈஸ்ட் பெங்காலுக்குப் பிறகு மும்பையின் மஹிந்திரா யுனைடெட். 2009ல் அந்த கிளப்பிலிருந்து புதிதாக வளர்ந்துவந்த புனே எஃப்சிக்கு மாறினார். நடுக்களத்தில் ஓயாமல் ஓடி, பந்தை சுத்தமாக கடத்தி, நேரம் பார்த்து கோல் பகுதிக்குள் நுழையும் ஆட்டம் அவருடையது. புனே எஃப்சி 2012-13 ஐ-லீக் சீசனில் இரண்டாம் இடம் பிடித்தது.

இந்தியாவில் தங்கி ஆட ஆட, இந்த நாட்டுக்காகவே ஆடலாமே என்ற எண்ணம் வந்தது. அப்பா இந்தியர் என்பதால் சர்வதேச கால்பந்து அமைப்பான ஃபிஃபாவின் பார்வையில் பெரிய தடை இல்லை. தடை வேறு இடத்தில் இருந்தது.

இந்திய சட்டத்தில் இரட்டைக் குடியுரிமை கிடையாது. ஜப்பானும் அதை ஏற்பதில்லை. அதாவது இந்திய சட்டை போட வேண்டுமானால், ஜப்பான் பாஸ்போர்ட்டை திருப்பிக் கொடுத்துவிட வேண்டும். பல நாடுகளுக்கு விசா இல்லாமல் போய்வர உதவும் பாஸ்போர்ட் அது. பிறந்த ஊருக்கே இனிமேல் வெளிநாட்டவராகத்தான் போக வேண்டும்.

இசுமி அந்த விலையைக் கொடுத்தார். ஜப்பான் குடியுரிமையை விட்டு இந்தியக் குடிமகனானார். 2013 பிப்ரவரி 6ஆம் தேதி, கொச்சியில் பாலஸ்தீனத்துக்கு எதிரான நட்புப் போட்டியில் இந்தியாவுக்காக களமிறங்கினார். வெளிநாட்டில் பிறந்து, இந்தியக் குடியுரிமை பெற்று தேசிய அணிக்கு ஆடிய முதல் வீரர் என்று பதிவானார். அந்தப் போட்டியில் இந்தியா 2-4 என தோற்றது. அப்போது அவருக்கு வயது 30.

ஒன்பது போட்டிகள், அவ்வளவுதான்

இந்தக் கதையில் கவனிக்க வேண்டியது அந்த வயதைத்தான். 24 வயதில் இந்தியா வந்தவர், இந்திய அணிக்கு ஆடும்போது 30. ஒரு நடுக்கள வீரரின் உடம்பு உச்சத்தில் இருக்கும் ஆண்டுகள் கிளப் ஆட்டத்திலும் காத்திருப்பிலுமே போய்விட்டன.

தேசிய அணிக்காக அவர் ஆடியது மொத்தம் 9 போட்டிகள். அதற்குப் பிறகு காயம், வயது, இளைஞர்களின் வரவு என எல்லா வீரர்களுக்கும் வருவது அவருக்கும் வந்தது.

ஆனால் குடியுரிமையால் அவருக்கு லாபமே இல்லை என்று சொல்லவும் முடியாது. இந்திய லீக்குகளில் ஒரு அணி இத்தனை வெளிநாட்டு வீரர்களைத்தான் வைத்துக்கொள்ளலாம் என்ற வரம்பு உண்டு. இந்தியக் குடிமகனான பிறகு இசுமி அந்த வரம்புக்குள் வரமாட்டார். 2015ல் ஐஎஸ்எல் தொடருக்காக இந்திய வீரர்கள் ஏலம் விடப்பட்டபோது, அட்லெடிகோ டி கொல்கத்தா அவரை 68 லட்சம் ரூபாய்க்கு எடுத்தது. பிறகு புனே சிட்டி, கேரளா பிளாஸ்டர்ஸ் அணிகளுக்கும் ஆடினார்.

தனிப்பட்ட முறையில் அவருக்கு அது மோசமான முடிவாக இல்லாமல் இருக்கலாம். ஆனால் இந்திய கால்பந்துக்கு என்ன கிடைத்தது? ஒரு நல்ல வீரரின் கடைசிக் காலத்து ஒன்பது ஆட்டங்கள்.

12 வருஷம் கழித்து அதே கதை

2025 நவம்பரில் இன்னொரு பெயர் செய்திகளில் அடிபட்டது: ரயான் வில்லியம்ஸ்.

1993 அக்டோபரில் ஆஸ்திரேலியாவின் பெர்த் பகுதியில் பிறந்தவர். அம்மா மும்பையைச் சேர்ந்த ஆங்கிலோ இந்தியக் குடும்பம். அம்மாவின் அப்பா 1950களில் பம்பாய் அணிக்காக சந்தோஷ் டிராபியில் ஆடியவர். போர்ட்ஸ்மவுத், ரோதர்ஹாம், ஆக்ஸ்ஃபோர்ட் யுனைடெட் போன்ற இங்கிலாந்து கிளப்புகளில் வில்லியம்ஸ் ஆடியிருக்கிறார். 2019ல் தென்கொரியாவுக்கு எதிரான நட்புப் போட்டி ஒன்றில் ஆஸ்திரேலிய தேசிய அணிக்கும் இறங்கியிருக்கிறார். 2023 முதல் பெங்களூரு எஃப்சி.

அவரும் ஆஸ்திரேலிய பாஸ்போர்ட்டை விட்டுவிட்டு இந்தியப் பாஸ்போர்ட் வாங்கினார். நவம்பர் 18ஆம் தேதி டாக்காவில் நடந்த வங்கதேசப் போட்டிக்காக பயிற்சியாளர் காலித் ஜமீலின் முகாமுக்கும் அழைக்கப்பட்டார். ஆனால் ஆஸ்திரேலிய கால்பந்து அமைப்பின் தடையில்லாச் சான்று போட்டிக்குள் வந்து சேரவில்லை. டாக்கா சென்றும் ஆட முடியவில்லை. போட்டி முடிந்த பிறகே ஃபிஃபா ஒப்புதல் கொடுத்தது. அந்தப் போட்டியில் இந்தியா 0-1 என தோற்றது.

இந்தியக் குடிமகனானபோது வில்லியம்ஸின் வயது 32.

இசுமி 30. வில்லியம்ஸ் 32. இது தற்செயல் இல்லை. இந்தியாவின் விதிகள் இருக்கும் அமைப்பே, ஆட்டக்காரர்களை அந்த வயதில்தான் இந்தப் பக்கம் அனுப்பும்.

22 வயதில் ஏன் யாரும் வருவதில்லை?

ஒரு கால்பந்து வீரருக்கு பாஸ்போர்ட் என்பது வெறும் அடையாள அட்டை கிடையாது. அது அவருடைய வேலை உரிமம்.

திருச்செங்கோட்டிலிருந்து போர்வெல் ரிக் வண்டியோடு ஆப்பிரிக்க நாடுகளுக்குப் போய் வேலை பார்த்தவர்களைக் கேட்டால் இது சட்டென புரியும். கையில் எந்த நாட்டு பாஸ்போர்ட் இருக்கிறது என்பதைப் பொறுத்துத்தான் விசா, வேலை, தங்கும் காலம் எல்லாமே. கால்பந்தும் அப்படித்தான்.

பிரிட்டிஷ் பாஸ்போர்ட் இருக்கும் வீரர் இங்கிலாந்தின் எந்த கிளப்பிலும் நேரடியாகச் சேரலாம். ஐரோப்பிய ஒன்றிய நாட்டின் பாஸ்போர்ட் இருந்தால் ஜெர்மனி, நெதர்லாந்து, ஸ்பெயின் என்று எங்கே வேண்டுமானாலும் ஆடலாம். அதே வீரர் இந்தியப் பாஸ்போர்ட்டுக்கு மாறினால், அடுத்த நாளே அங்கே வெளிநாட்டவர் ஆகிவிடுவார். இங்கிலாந்தில் வெளிநாட்டு வீரர்களுக்கு புள்ளி அடிப்படையில்தான் அனுமதி. வலுவான நாட்டு அணியில் தொடர்ந்து ஆடியவருக்கு புள்ளி எளிதாகக் கிடைக்கும். இந்தியா உலகத் தரவரிசையில் முதல் 100 இடங்களுக்கு வெளியே இருக்கிறது.

அதாவது இந்தியாவுக்கு ஆட வருவதற்காக ஒரு 22 வயது பையன் தன் ஐரோப்பிய வேலையையே பணயம் வைக்க வேண்டும். எந்த ஏஜென்டும் அதற்கு சம்மதிக்க மாட்டார். எந்த அப்பா அம்மாவும் யோசிப்பார்கள்.

ஆனால் 30 வயதைத் தாண்டியவருக்கு கணக்கு மாறும். ஐரோப்பாவில் பெரிய ஒப்பந்தம் இனி வராது. இந்தியாவிலேயே கிளப், இந்தியாவிலேயே சம்பளம். பழைய பாஸ்போர்ட்டின் மதிப்பு அவருடைய தொழிலுக்கு குறைந்துவிட்டது. அப்போதுதான் விட்டுக்கொடுக்க முடிகிறது.

சுருக்கமாகச் சொன்னால், விலை எல்லோருக்கும் ஒன்றுதான். ஆனால் இளம் வீரரால் அந்த விலையைக் கொடுக்க முடியாது. கொடுக்க முடிகிறவரிடம் ஆட்டத்தின் உச்ச வருஷங்கள் மிச்சம் இல்லை.

மற்ற நாடுகள் எப்படி சமாளிக்கின்றன?

இந்தியாவை இந்தத் தகுதிச்சுற்றில் மடக்கிய அணிகளையே எடுத்துக்கொள்ளலாம். இரண்டு விதமான வழி தெரிகிறது.

முதலாவது வங்கதேச வழி. அந்த நாடு பிரிட்டன், கனடா போன்ற நாடுகளில் வாழும் தன் மக்களுக்கு இரட்டைக் குடியுரிமையை அனுமதிக்கிறது. ஹம்ஸா சவுத்ரியின் அம்மா வங்கதேசத்தவர். ஹம்ஸா வங்கதேச பாஸ்போர்ட் வாங்கினார், பிரிட்டிஷ் பாஸ்போர்ட்டையும் வைத்துக்கொண்டார். 27 வயதில், இங்கிலாந்து கிளப்பில் ஆடிக்கொண்டே வந்து ஆடுகிறார். கனடாவில் பிறந்த ஷமித் ஷோமும் 2025 ஜூனில் அதே வழியில் வந்தார். அவர்கள் எதையும் இழக்கவில்லை.

இரண்டாவது சிங்கப்பூர் வழி. இங்கே ஒரு விஷயத்தை கவனிக்க வேண்டும். சிங்கப்பூரிலும் இரட்டைக் குடியுரிமை கிடையாது. சோங் உய்-யங்கும் கொரிய குடியுரிமையை விட்டுவிட்டுத்தான் வந்தார். அவரும் முழு விலை கொடுத்தவர்தான். ஆனால் அவர் 18 வயதிலேயே வந்துவிட்டார். அவருடைய தொழில், வாழ்க்கை எல்லாமே சிங்கப்பூரிலேயே வளர்ந்தது. குடியுரிமை கிடைத்தபோது வயது 27. அதனால் தேசிய அணிக்கு இன்னும் பல வருஷம் மிச்சம் இருந்தது. அந்த மிச்ச வருஷங்களில் ஒரு இரவுதான் மட்காவ்.

இந்தியாவிடம் இப்போது இரண்டு வழியும் இல்லை. இரட்டைக் குடியுரிமை சட்டத்திலேயே இல்லை. 18 வயது வெளிநாட்டுப் பையனை இழுத்துவந்து வளர்க்கும் அளவுக்கு இளைஞர் லீக்கும் இன்னும் பலமாக இல்லை.

'ஓசிஐ கார்டு இருக்கே, அது போதாதா?'

சேலம், நாமக்கல் பக்கம் இந்தக் கேள்வி பல வீடுகளில் கேட்கப்படுவதுதான். மகனோ மகளோ ஆஸ்திரேலியா, அமெரிக்கா, சிங்கப்பூர் என்று போய், அங்கே குடியுரிமை வாங்கி, ஓசிஐ கார்டோடு ஊருக்கு வந்துபோவது இப்போது சாதாரணம்.

ஓசிஐ என்பது 2005ல் வந்த ஏற்பாடு. 'வெளிநாடுவாழ் இந்தியக் குடிமகன்' என்று பெயர் இருந்தாலும் அது குடியுரிமை கிடையாது. வாழ்நாள் முழுக்க விசா இல்லாமல் வந்துபோகலாம், படிக்கலாம், பெரும்பாலான வேலைகள் பார்க்கலாம். ஓட்டு போட முடியாது. தேர்தலில் நிற்க முடியாது. விவசாய நிலம் வாங்க முடியாது. ராசிபுரம் பக்கம் நான்கு ஏக்கர் காடு வாங்கலாம் என்று வந்து, பத்திர ஆபீஸில் விஷயம் தெரிந்து திரும்பிப் போனவர்களுக்கு இந்த வித்தியாசம் நன்றாகவே தெரியும்.

ஒரு உதாரணம் வைத்துக்கொள்வோம். நாமக்கல்லிலிருந்து மெல்பர்ன் போன தம்பதிக்கு அங்கேயே ஒரு பையன் பிறக்கிறான். பள்ளியில் கால்பந்து ஆடுகிறான், 19 வயதில் அங்குள்ள கிளப்பில் இடம் கிடைக்கிறது. வருஷா வருஷம் பொங்கலுக்கு தாத்தா பாட்டி வீட்டுக்கு வருகிறான், தமிழ் பேசுகிறான், ஓசிஐ கார்டும் இருக்கிறது. அவனால் இந்தியாவுக்கு ஆட முடியுமா?

முடியாது. ஆஸ்திரேலிய பாஸ்போர்ட்டை விட்டுவிட்டு இந்தியக் குடிமகன் ஆனால்தான் முடியும். அதுவும் உடனே நடக்காது. ஓசிஐ பதிவு செய்து ஐந்து வருஷம் ஆகியிருக்க வேண்டும், விண்ணப்பிக்கும் முன் ஒரு வருஷம் இந்தியாவிலேயே தங்கியிருக்க வேண்டும் என்கிறது குடியுரிமைச் சட்டம். அந்த ஒரு வருஷம் மெல்பர்ன் கிளப்பில் அவன் இடம் என்ன ஆகும்?

முன்பு இப்படி இல்லையா?

இல்லை. டென்னிஸ் பார்த்தவர்களுக்கு பிரகாஷ் அமிர்தராஜ் நினைவிருக்கும். சென்னையின் விஜய் அமிர்தராஜின் மகன். அமெரிக்காவின் லாஸ் ஏஞ்சலஸில் பிறந்தவர். இந்திய வம்சாவளி என்ற அடிப்படையில் டேவிஸ் கோப்பையில் இந்தியாவுக்காக ஆடினார்.

2008 டிசம்பரில் மத்திய விளையாட்டு அமைச்சகம் அந்தக் கதவை மூடியது. இந்தியப் பாஸ்போர்ட் உள்ளவர்கள் மட்டுமே தேசிய அணிகளில் ஆடலாம் என்றது. இந்திய வரிப்பணத்தில் பயிற்சி, பயணம், பரிசு எல்லாம் கொடுக்கும்போது அது இந்தியக் குடிமக்களுக்கே போக வேண்டும் என்பது அந்த விதியை ஆதரிப்பவர்களின் வாதம். பாஸ்போர்ட்டை விடாமல் இந்தியா, வாய்ப்பு கிடைத்தால் வேறு நாடு என்று இரண்டு தோணியில் கால் வைப்பதை ஏற்க முடியாது என்பதும் அவர்கள் பேச்சு.

அதன் பிறகு ஸ்டீபன் கான்ஸ்டன்டைன், இகோர் ஸ்டிமாச் என தேசிய அணிக்கு வந்த வெளிநாட்டுப் பயிற்சியாளர்கள், ஓசிஐ வீரர்களை ஆடவிட வேண்டும் என்று திரும்பத் திரும்பக் கேட்டார்கள். 2025 ஜூலையில் மத்திய அமைச்சரவை ஒப்புதல் கொடுத்த புதிய தேசிய விளையாட்டுக் கொள்கையும் வெளிநாடுவாழ் இந்திய வம்சாவளி வீரர்களை ஈர்ப்பது பற்றிப் பேசுகிறது.

விதியைத் தளர்த்தினால் மட்டும் போதுமா?

கால்பந்தில் போதாது. பலரும் தவறவிடும் இடம் இதுதான்.

விளையாட்டு அமைச்சகம் நாளைக்கே '2008 விதியை எடுத்துவிட்டோம், ஓசிஐ வீரர்கள் ஆடலாம்' என்று அறிவித்தாலும், ஃபிஃபாவின் விதி ஒன்று குறுக்கே நிற்கும். ஒரு நாட்டுக்கு ஆட வேண்டுமானால் அந்த நாட்டின் நிரந்தரக் குடியுரிமை இருக்க வேண்டும் என்பதுதான் அது. ஓசிஐ கார்டு குடியுரிமை இல்லை என்று இந்தியச் சட்டமே சொல்கிறது. பிறகு ஃபிஃபா எப்படி ஏற்கும்?

குடியுரிமை இருந்தாலும் மட்டும் போதாது. வேறு நாட்டுக் குடியுரிமையை புதிதாகப் பெறுபவர் கீழ்க்கண்டவற்றில் ஏதாவது ஒன்றைக் காட்ட வேண்டும் என்கிறது ஃபிஃபா:

• அந்த நாட்டில் பிறந்திருக்க வேண்டும்.
• அப்பா அல்லது அம்மா அங்கே பிறந்திருக்க வேண்டும்.
• தாத்தா அல்லது பாட்டி அங்கே பிறந்திருக்க வேண்டும்.
• 18 வயதுக்குப் பிறகு தொடர்ந்து ஐந்து வருஷம் அங்கே வாழ்ந்திருக்க வேண்டும்.

இசுமிக்கு அப்பா. வில்லியம்ஸுக்கு அம்மா வழிக் குடும்பம். சோங் உய்-யங்குக்கு சிங்கப்பூரில் வாழ்ந்த வருஷங்கள். வில்லியம்ஸ் ஆஸ்திரேலியாவுக்கு ஆடியது நட்புப் போட்டி என்பதால்தான் அணி மாற முடிந்தது.

ஆகவே உண்மையான சாவி விளையாட்டு அமைச்சகத்திடம் இல்லை. குடியுரிமைச் சட்டத்தில் இருக்கிறது. இரட்டைக் குடியுரிமை என்று வந்தால் அது கால்பந்தோடு நிற்காது. ஓட்டு, நிலம், வரி, பாதுகாப்பு என எல்லாவற்றையும் தொடும். பதினொரு பேர் ஆடும் ஆட்டத்துக்காக ஒரு நாடு அந்த முடிவை எடுக்காது என்பதே யதார்த்தம்.

மலேசியா தரும் எச்சரிக்கை

சொந்தக்காரர்கள் பலர் வாழும் மலேசியாவில் 2025ல் நடந்ததையும் பார்க்க வேண்டும். அங்கே தேசிய அணிக்கு ஆட வெளிநாட்டில் பிறந்த ஏழு வீரர்களுக்கு குடியுரிமை கொடுக்கப்பட்டது. தாத்தா பாட்டி மலேசியாவில் பிறந்தவர்கள் என்று ஆவணம் காட்டப்பட்டது. ஜூன் 10ஆம் தேதி வியட்நாமை மலேசியா 4-0 என வென்றது. நாடே கொண்டாடியது.

செப்டம்பரில் அந்த ஆவணங்கள் போலி என்று ஃபிஃபா அறிவித்தது. ஏழு பேருக்கும் 12 மாதத் தடை, மலேசிய கால்பந்து சங்கத்துக்கு மூன்றரை லட்சம் சுவிஸ் ஃபிராங்க் அபராதம். அவசரமாக வெளியிலிருந்து ஆள் பிடித்தால் எங்கே போய் முடியும் என்பதற்கு இது பாடம்.

இதே மலேசியாவில் ஒரு காலத்தில் கோல் காத்தவர் ஆர்.ஆறுமுகம். 'ஸ்பைடர்மேன்' என்று ரசிகர்கள் கூப்பிட்ட தமிழர். சிங்கப்பூரில் வி.சுந்தரமூர்த்தி ஆடி, பிறகு அந்த தேசிய அணிக்கே பயிற்சியாளராகவும் இருந்தார். சேலம், திருச்சி, தஞ்சை மாவட்டங்களிலிருந்து தோட்ட வேலைக்கும் துறைமுக வேலைக்கும் கப்பலேறிய தலைமுறைகளுக்குப் பிறகு, அந்த மண்ணிலேயே பிறந்து வளர்ந்து அந்த நாடுகளின் சட்டையைப் போட்ட தமிழர்கள் இவர்கள். யாரும் அவர்களை கடைசி நேரத்தில் கூட்டிவரவில்லை. அங்கே இருந்த பள்ளி, கிளப், மாநில அணி என்ற படிக்கட்டில் ஏறி வந்தவர்கள்.

உள்ளூர் பையன்களின் இடம் போய்விடுமா?

வெளிநாட்டு வீரர்கள் வேண்டாம் என்பவர்களின் முக்கியமான வாதம் இது. அதிலும் நியாயம் இருக்கிறது.

டாக்காவில் இந்தியாவைத் தோற்கடித்த கோலை அடித்தது ஹம்ஸா இல்லை. வங்கதேசத்திலேயே பிறந்து வளர்ந்த ஷேக் முர்சலின். வெளியிலிருந்து வருபவர் அணிக்கு தைரியம் கொடுக்கலாம், தரத்தை ஏற்றலாம். ஆனால் பக்கத்தில் ஆட உள்ளூரில் பத்துப் பேர் தயாராக இருக்க வேண்டும்.

சேலம் என்றதும் விளையாட்டில் நினைவுக்கு வரும் பெயர்கள் சின்னப்பம்பட்டி நடராஜன், பெரியவடகம்பட்டி மாரியப்பன் தங்கவேலு. ஒருவர் டென்னிஸ் பந்து கிரிக்கெட்டில் ஆரம்பித்து 2020ல் இந்திய அணிக்குப் போனார். இன்னொருவர் 2016 ரியோ பாராலிம்பிக்கில் உயரம் தாண்டுதலில் தங்கம் வாங்கினார். இருவருமே வசதி இல்லாத கிராமத்து வீடுகளிலிருந்து வந்தவர்கள். திறமையை யாரோ ஒருவர் சரியான வயதில் பார்த்து, கையைப் பிடித்து அடுத்த படிக்கு ஏற்றிவிட்டதால் வந்தார்கள்.

கால்பந்தில் அப்படி ஒரு பெயர் இந்தப் பகுதியிலிருந்து சட்டென்று நினைவுக்கு வருவதில்லை. 12 வயதில் நன்றாக ஆடும் பையன் ஆத்தூரிலோ பரமத்தி வேலூரிலோ இருந்தால், 16 வயதில் அவன் வாராவாரம் எந்த லீக்கில் ஆடுவான்? பள்ளிப் போட்டி முடிந்த பிறகு அவனை யார் பார்ப்பார்கள்? மெல்பர்ன் பையனின் பாஸ்போர்ட் பற்றிப் பேசும் அளவுக்கு இந்தப் பையனின் லீக் பற்றியும் பேச வேண்டியிருக்கிறது.

இரண்டும் எதிர் எதிர் கேள்விகள் இல்லை என்பதற்கு இசுமியே உதாரணம்.

இசுமி இப்போது என்ன செய்கிறார்?

ஆட்டத்தை நிறுத்திய பிறகு அவர் ஜப்பானுக்குத் திரும்பிவிடவில்லை. இங்கேயே பயிற்சியாளர் ஆனார். ரிலையன்ஸ் ஃபவுண்டேஷன் யங் சாம்ப்ஸ் அகாடமியில் இந்தியப் பையன்களுக்குக் கால்பந்து சொல்லிக்கொடுக்கும் வேலை. நாட்டின் பல மூலைகளிலிருந்து சின்ன வயதிலேயே தேர்வு செய்யப்பட்ட பிள்ளைகள் அங்கே தங்கிப் படித்து ஆடுகிறார்கள். அங்கிருந்து வந்தவர்கள் ஐஎஸ்எல் கிளப்புகளில் இடம் பிடித்தும் வருகிறார்கள்.

தேசிய அணிக்கு அவர் கொடுக்க முடிந்தது ஒன்பது ஆட்டம். ஆனால் ஜப்பானின் ஒழுங்கான பயிற்சி முறையில் வளர்ந்த ஒருவர், இந்திய மைதானங்களின் நிலைமையும் தெரிந்த ஒருவர், வருஷக்கணக்கில் இங்கே பையன்களோடு நிற்கிறார் என்பது அந்த ஒன்பதைவிடப் பெரிய வரவு.

அடுத்து என்ன நடக்கலாம்?

இரட்டைக் குடியுரிமை இப்போதைக்கு வர வாய்ப்பு குறைவு. அப்படியானால் சட்டத்தை உடைக்காமல் செய்யக்கூடியது என்ன?

ஒன்று, காத்திருப்பைக் குறைப்பது. இந்தியாவிலேயே கிளப் ஆட்டம் ஆடிக்கொண்டிருக்கும் வம்சாவளி வீரர், குடியுரிமை கேட்டால் கோப்பு வருஷக்கணக்கில் நகராமல் கிடக்கக்கூடாது. தங்கும் காலத்தில் சலுகை தரும் அதிகாரம் மத்திய அரசுக்கு ஏற்கெனவே உண்டு. டாக்காவில் வில்லியம்ஸுக்கு நடந்தது போல கடைசி நேரத்தில் சான்றுக்காக காத்திருப்பதும் தவிர்க்கக்கூடியதுதான்.

இரண்டு, சீக்கிரமே கூப்பிடுவது. 30 வயதுக்காரரைத் தேடுவதைவிட, 17, 18 வயதில் இருக்கும் வம்சாவளிப் பையன்களை இந்திய கிளப்புகளின் இளைஞர் அணிகளுக்கு அழைக்கலாம். சோங் உய்-யங் சிங்கப்பூருக்கு வந்த வயது அது. ஆனால் அவர்கள் நம்பி வர, ஒழுங்காக நடக்கும் லீக் வேண்டும். 2025-26 ஐஎஸ்எல் சீசன் வழக்கமான நேரத்தில் தொடங்க முடியாமல் தள்ளிப்போனதைப் பார்த்த எந்த வெளிநாட்டுக் குடும்பம் பிள்ளையை அனுப்பும்?

மூன்று, அந்த லீக்கை மாவட்டம் வரை இறக்குவது. வெளிநாட்டுப் பையன் வந்தாலும் வராவிட்டாலும், ஆத்தூர் பையனுக்கு அது வேண்டும்.

பாஸ்போர்ட்டை விட்டுக்கொடுத்து வருகிறவரை இந்தியா கைதட்டி வரவேற்கிறது. வரவேற்க வேண்டியதுதான். ஆனால் ஒருவர் முழு விலை கொடுத்து வந்தால், அவரை ஆட வைக்க நேரம் மிச்சம் இருக்க வேண்டும். அராடா இசுமிக்கு அது இல்லை. ரயான் வில்லியம்ஸுக்கும் அதிகம் இல்லை. மூன்றாவதாக வருபவர் 20 வயதில் வருவாரா, 33 வயதில் வருவாரா என்பதை அவருடைய ஆசை மட்டும் தீர்மானிக்காது. இங்கே அவருக்காக என்ன தயாராக இருக்கிறது என்பதுதான் தீர்மானிக்கும்.